மொர்வால் பிரபுவுக்கு ஒரு பூசை

ஜன்னல் பக்கம் நீங்க உக்காருங்க தம்பி, எனக்குக் காத்து ஒத்துக்காது. காரைக்கால் வரைக்குமா? நானும் அங்கதான்.

இந்தக் கோட்டைப் பாக்குறீங்க. இந்த வெயில்ல யாரு கோட்டுப் போடுவான்னு தோணுது, இல்ல? பூசைக்குப் போட்டது. பாண்டிச்சேரியில மாதா கோயில்ல ஒருத்தருக்கு எறந்தவங்க பூசை வெச்சுட்டு வர்றேன். சொந்தக்காரர் இல்ல. எங்க மொதலாளி. வெள்ளைக்காரர். பிரான்சுல பெரிய பிரபு, எம்.பி.யா இருந்தவரு, மந்திரியாவும் இருந்தவரு. எத்தியேன் த மொர்வால். சாமியார் அந்தப் பேரை மூணு தடவை சொன்னாரு, மூணு தடவையும் வேற வேற மாதிரி சொன்னாரு. கோயில்ல நான், மணி அடிக்கற கோயில்பிள்ளை, அப்புறம் யாரோ ஒரு அம்மா. அவங்க வேற பூசைன்னு நெனச்சு வந்துட்டாங்க. தெரிஞ்ச பெறகும் எழுந்து போகலை பாவம், கடைசி வரைக்கும் இருந்தாங்க.

தொண்ணூத்தொரு வயசு. கல்யாணச் சாவுன்னு சொல்லலாம். ஆனா மூணு பேரு தம்பி. அந்த மனுஷனுக்கு மூணு பேரு.

நான் சொல்தாவா இருந்தவன். பிரெஞ்சுப் பட்டாளத்துல பதினஞ்சு வருஷம், லாரி ஓட்டினேன். எங்கப்பாவும் சொல்தா, அதனாலதான் எங்களுக்கு பிரெஞ்சுக் குடியுரிமை. பட்டாளத்தை விட்டு வெளிய வந்தப்ப, மொர்வால்னு ஒரு சின்ன ஊரு, காட்டுப் பக்கம், அங்க எம்.பி.க்கு டிரைவர் வேணும்னாங்க. அந்த ஊரு பேருதான் அவுங்க குடும்பப் பேரு. இல்ல, அவுங்க பேருதான் ஊருக்கு. ஆறு தலைமுறையா அரண்மனை. அங்க 'கோந்த்'ன்னு சொல்லுவாங்க. நம்ம பக்கம் ஜமீன்தார்னு வெச்சுக்கங்க. நெலம் நீச்சு பாதி போயிருச்சு, மரியாதை போகலை.

என்னைக் கூப்பிட்டு உக்கார வெச்சாரு. லைசென்சைக் கேக்கலை, ரோடு தெரியுமான்னு கேக்கலை. "உங்களுக்கு ஞாபக சக்தி எப்படி?"ன்னாரு. நல்லாருக்கும் அய்யான்னேன். அவ்வளவுதான். மறுநாள்லேருந்து வேலை. இருபத்தொம்பது வருஷம்.

'உங்களுக்கு'ன்னு சொன்னேன் பாத்தீங்களா? பிரெஞ்சுலயும் நீ, நீங்க உண்டு. ஒரு நாளு ஒரு பொழுது என்னை அவரு நீன்னு சொன்னதில்ல. சவரிராயன்கிறது அவரு வாய்ல நுழையாது. 'சவெரி'ம்பாரு. சவெரி, நீங்க. எனக்கு வேற யாரு தம்பி அந்த மரியாதை குடுத்தாங்க?

ஞாபக சக்தி எதுக்குன்னு ஒரு வாரத்துல தெரிஞ்சுது. சந்தை நாள்ல வண்டியை நிறுத்துவேன். எறங்கறதுக்கு முன்னாடி கண்ணாடியில என்னைப் பாப்பாரு. நான் சொல்லணும். நீலச் சட்டை பெர்னார், போன மாசம் அவுங்கம்மா தவறிட்டாங்க. குடை வெச்சிருக்கறது பால் பண்ணைக்காரர், பையன் பரிச்சையில தேறிட்டான். அவரு எறங்கி நேரா போயி பெர்னார் கையைப் புடிச்சு, "உங்கம்மாவை நெனச்சுக்கிட்டே இருக்கேன்"ம்பாரு. பெர்னாருக்குக் கண்ணு கலங்கிரும். ஊர்ல நாலாயிரம் ஜனம். நாலாயிரம் பேரையும் பிரபுவுக்குத் தெரியும்னு பேரு. எனக்குத்தான் தெரியும். அதுல எனக்கு ஒரு பெருமை. ஏமாத்தறதுன்னு சொல்லாதீங்க. கை புடிச்சது நெஜம்தானே? கண்ணு கலங்குனது நெஜம்தானே?

அவரு கதையெல்லாம் வண்டியிலதான் எனக்குச் சொன்னது. பாரீசுக்கு நாலரை மணி நேரம், என்ன பண்ணுவாரு பாவம். சின்னப் புள்ளையில அம்மா அப்பாவோட ஒரே மேசையில சாப்புடறது ஞாயித்துக்கெழமை மட்டும்தானாம். மத்த நாளு ஆயாவோட. அப்புறம் சாமியார் பள்ளிக்கூடம். அல்ஜீரியா சண்டைக்குப் போனாரு, அதைப் பத்தி மட்டும் பேச மாட்டாரு. இருபத்தொம்பது வயசுல அப்பா குதிரையிலேருந்து விழுந்து செத்துட்டாரு. அடக்கம் முடிஞ்சு வீட்டுக்கு வந்தா, ஊர்ப் பெரியவங்க அரண்மனை வாசல்ல தொப்பியைக் கையில வெச்சுக்கிட்டு நிக்குறாங்க. "எப்ப அய்யா நகரசபைக்கு வர்றீங்க?"ன்னாங்களாம். தேர்தல்னு ஒண்ணு இருந்துச்சு, எதிர்த்து நின்னவன் ஒரு சைக்கிள் கடைக்காரன், அவனே இவருக்குத்தான் ஓட்டுப் போட்டான்னு சிரிப்பாரு. அப்புறம் அஞ்சாறு வருஷத்துல எம்.பி.

மந்திரி ஆகறதுக்கு முப்பது வருஷம் காத்துக்கிட்டு இருந்தாரு. ஒவ்வொரு மந்திரிசபை மாறும்போதும் போன் பக்கத்துலயே உக்காந்திருப்பாரு. அடிக்காது. ஒரு வார்த்தை கொறை சொன்னதில்ல. அறுபத்தி மூணு வயசுல அடிச்சுது. சுகாதாரத்துறை, பெரிய மந்திரிக்குக் கீழே சின்ன மந்திரி. அந்த அரண்மனை மாடிப்படியில ரெண்டு ரெண்டு படியா தாவி எறங்கி வந்தாரு, நான் பாத்தேன். சின்னப் பையன் மாதிரி.

அதோட ஆரம்பிச்சுது.

மொர்வால்ல கன்னியாஸ்திரீங்க கட்டின ஒரு பிரசவ ஆஸ்பத்திரி இருந்துச்சு. இருபது படுக்கை. எங்க வீட்டுக்காரி அற்புதமேரி அங்கதான் துணி தொவைக்கிற எடத்துல வேலை. பாரீசுல என்ன கணக்குப் போட்டாங்கன்னா, வருஷத்துக்கு முந்நூறு பிரசவத்துக்குக் கொறைஞ்சா அந்த ஆஸ்பத்திரியை மூடிரணும், பெரிய ஆஸ்பத்திரிதான் பாதுகாப்புன்னு. எங்க ஊர்ல இருநூத்தி எழுபது. மூடறாங்கன்னு சேதி வந்ததும் ஊரே நகரசபை வாசல்ல கூடிருச்சு. பொம்பளைங்க புள்ளைத்தள்ளுவண்டியோட வந்து நின்னாங்க. பிரபு படிக்கட்டுல நின்னாரு. நகரசபைத் தலைவருங்க போடற மூணு கலர் பட்டையை மார்ல போட்டுக்கிட்டு. பாரீசுல இருக்கற அதிகாரிங்க எடுத்த முடிவு, மொர்வால் பேரை எடுக்கச் சொல்லி நான் கடைசி வரைக்கும் சண்டை போட்டேன், ராஜினாமா பண்றேன்னுகூடச் சொன்னேன், கேக்கலைன்னாரு. திட்ட வந்த ஜனம் கை தட்டுச்சு தம்பி. நான் வண்டியில உக்காந்து அழுதேன்.

எம்பொண்ணு மதலேன் மட்டும் கை தட்டலை. அப்ப அவளுக்கு அஞ்சு மாசம். மாப்புள்ளை வெள்ளைக்காரப் பையன், மரம் அறுக்கற ஆலையில வேலை. ராத்திரி சாப்புடும்போது, "அப்பா, அவருதானே அந்தத் துறைக்கு மந்திரி? அவரு கையெழுத்து இல்லாம எப்படி மூடுவாங்க?"ன்னா. அரசாங்கம்னா உனக்கு என்ன தெரியும்னு நான் அதட்டிட்டேன். அவ படிச்சவ. வாயாடி. சின்னதுலேருந்தே அப்படித்தான், நான் எது சொன்னாலும் ஏன், எதுக்கும்பா.

சிதம்பரம் வந்தா சொல்லுங்க, ஒரு டீ குடிக்கணும்.

பெரிய ஆஸ்பத்திரி அம்பத்திரண்டு கிலோமீட்டர். காட்டு ரோடு, ஏத்தம். ஜனவரி மாசம், ரோடு முழுக்கப் பனிக்கட்டி. அவளுக்குத் தேதிக்கு மூணு வாரம் இருக்கு. அன்னிக்குப் பிரபு பக்கத்து ஊர்ல ஒரு விருந்துல இருந்தாரு, அந்த ஜில்லா அதிகாரி குடுத்த மத்தியானச் சாப்பாடு. நான் வெளிய வண்டியில. எங்க வீட்டுக்கு அங்கேருந்து பதினோரு கிலோமீட்டர். ஒரு மணி இருக்கும், வண்டி போன் அடிச்சுது. அற்புதமேரி. பனிக்குடம் ஒடைஞ்சிருச்சு, ஆம்புலன்ஸ் வேற எடத்துக்குப் போயிருக்காம், வர ஒரு மணி நேரம் ஆவுமாம், மாப்புள்ளை வண்டி ஸ்டார்ட் ஆகலை, நீங்க வந்துருங்கன்னா.

பெரிய வண்டி தம்பி. பனிக்குன்னே தனி டயரு போட்ட வண்டி. இன்ஜின் ஓடிக்கிட்டே இருக்கு, அவரு வந்து உக்காரும்போது சூடா இருக்கணும்னு.

அவரு இப்ப வெளிய வந்துருவாரு, ஆம்புலன்சே நல்லது, அதுல நர்சு இருப்பாங்கன்னு சொன்னேன். தப்பா? நீங்களே சொல்லுங்க. ஆம்புலன்சுல நர்சு இருப்பாங்கதானே? உள்ள போயி ஒரு வார்த்தை கேட்டிருந்தா, 'போங்க சவெரி, சீக்கிரம்'ன்னு சொல்லியிருப்பாரு. கேட்டு முடிக்கறதுக்கு முன்னாடி சொல்லியிருப்பாரு, அப்படிப்பட்ட மனுஷன். நான் கேக்கலை. பெரிய மனுஷங்க சாப்புடற எடம். கதவு வரைக்கும் போனேன். வாசல்ல கோட்டு வாங்கி வைக்கற ஆளு என்னன்னு பாத்தான். ஒண்ணுமில்லைன்னுட்டுத் திரும்பி வந்தேன்.

அவரு வந்தப்ப மூணு மணி. ரயிலடியில கொண்டு போயி விட்டேன். பெட்டியைத் தூக்கிக் குடுத்தேன். திரும்பி வந்து உக்காந்ததும் போன் அடிச்சுது.

ஆம்புலன்சுலயே பொறந்திருக்கு. பாதி வழியில, மரக்கட்டை அடுக்கி வெச்சிருந்த ஒரு திருப்பத்துல. பொண்ணு. கொடி கழுத்துல சுத்தியிருந்துச்சு. இருபது நிமிஷம் உசுரோட இருந்துச்சாம். நர்சம்மாவே தண்ணி ஊத்தி ஞானஸ்நானம் குடுத்துட்டாங்க. மதலேன் மயக்கத்துலயே பேரு சொல்லியிருக்கா. ரோசலின்.

நான் வண்டியோட அங்கதான் பதினோரு கிலோமீட்டர்ல நின்னேன்னு அற்புதமேரிக்கு மட்டும்தான் தெரியும். சாகற வரைக்கும் அவ அதைப் பத்தி ஒரு வார்த்தை கேக்கலை. நல்லவ. பிரபுகிட்டயும் நான் சொல்லலை. மனசு கஷ்டப்படுவாரு.

அடக்கத்துக்கு வந்தாரு. பாரீசுலேருந்து, மந்திரி வேலையெல்லாம் போட்டுட்டு, ஒரு டிரைவர் பேத்திக்கு. யாரு வருவாங்க சொல்லுங்க? கருப்பு ஓவர்கோட்டு, வெறுந்தலையோட பனியில நின்னாரு. பெட்டி இத்துனூண்டு. சாமியார் செபம் முடிச்சதும் ரெண்டு வார்த்தை பேசறேன்னாரு. பேசறதுக்கு முன்னாடி, பழக்கம் தம்பி, என் பக்கம் லேசா சாஞ்சாரு. "பேரு?"ன்னாரு. நானும் பழக்கம், காதுகிட்ட போயி, "ரோசலின். பொண்ணு. இருபது நிமிஷம் இருந்துச்சு"ன்னேன்.

என்னமாப் பேசினாரு தெரியுமா. "ரோசலின், நீ இருந்த இருபது நிமிஷத்தை இந்த ஊர் மறக்காது"ன்னாரு. எல்லாரும் அழுதாங்க. நிமிந்து பாக்கறேன், மதலேன் அழலை. பெட்டியைப் பாக்கலை, அவரைப் பாக்கலை. என்னைத்தான் பாத்துக்கிட்டு இருந்தா.

சிதம்பரமா? இல்ல, டீ வேணாம், எறங்கினா ஏறக் கஷ்டம். நீங்க போயிட்டு வாங்க.

வந்துட்டீங்களா. எங்க விட்டேன்? ஆங், அடக்கம். அதுக்கப்புறம் ஒரு கடுதாசி.

அந்த வருஷம் தேர்தல் வந்துருச்சு. எதிர்க்கட்சிக்காரங்க கொழந்தை செத்ததை நோட்டீசு போட ஆரம்பிச்சாங்க. மந்திரி மூடுனாரு, மந்திரியோட டிரைவர் பேத்தியே செத்துச்சுன்னு. எங்க வீட்டுத் துக்கத்தை எடுத்து செவுத்துல ஒட்டினா எப்படி இருக்கும்? எனக்கும் கோவம்தான். ஒரு நாளு பிரபு ஒரு தாளைக் கொண்டு வந்தாரு. நான் பேப்பருக்கு எழுதற மாதிரி ஒரு கடுதாசி, டைப் அடிச்சது. ஆஸ்பத்திரியைக் காப்பாத்த மொர்வால் பிரபு கடைசி வரை போராடினதுக்கு இருபது வருஷமா கூட இருந்த நானே சாட்சி, எங்க குடும்பத் துக்கத்தை அரசியலாக்க வேணாம், இப்படிக்கு. "கட்டாயம் இல்லை சவெரி. நல்லாப் படிச்சுப் பாத்து, மனசுக்குச் சரின்னு பட்டா மட்டும்"ன்னாரு. அவரு பேனாவையே குடுத்தாரு. வண்டி பானெட்டு மேல வெச்சுப் போட்டேன் கையெழுத்து. அந்த வாரப் பேப்பர்ல வந்துச்சு, என் போட்டோவோட.

நூத்திப் பதினாலு ஓட்டுல ஜெயிச்சாரு. பாக்கி எடத்துல அவுங்க கட்சி தோத்துப் போச்சு, மந்திரி பதவி போயிருச்சு, எம்.பி. மட்டும் நின்னுது. ஓட்டு எண்ணி முடிச்சதும் ரெண்டு கையாலயும் என் கையைப் புடிச்சுக்கிட்டாரு.

மதலேன் அந்த வாரமே மாப்புள்ளையோட ஊரை விட்டுப் போயிட்டா. போறப்ப அம்மாகிட்ட மட்டும் சொல்லிக்கிட்டா. அப்புறம் அவுங்க ரெண்டு பேருக்கும் புள்ளையும் பொறக்கலை, ஒண்ணாவும் இருக்கலை. துலூஸ்னு ஒரு பட்டணம், அங்க தனியா இருக்கா. அம்மா அடக்கத்துக்கு வந்தா. மூணு மணி நேரம் பக்கத்துல பக்கத்துல நின்னோம். பிடிவாதக்காரி.

பிரபுவுக்கும் அதுக்கப்புறம் எறக்கம்தான். அடுத்த தேர்தல்ல ஒரு பள்ளிக்கூட டீச்சரம்மாகிட்ட தோத்தாரு. அதுக்கடுத்து நகரசபையும் போச்சு. நூறு வருஷமா அவுங்க குடும்பம் உக்காந்த நாற்காலி. அன்னிக்குச் சந்தையில வண்டியை நிறுத்தினேன், கண்ணாடியில பாத்தாரு, நான் பேரெல்லாம் சொன்னேன். எறங்கலை. "வீட்டுக்குப் போலாம்"ன்னாரு. பிரபுவோட சம்சாரம் பாரீசுல மகன் வீட்டுக்குப் போயிட்டாங்க. அரண்மனை கூரை ஒழுக ஆரம்பிச்சு, கடைசியில ரெண்டே ரெண்டு ரூம்ல அவரும் ஒரு நர்சும். பக்கவாதம் வந்து ஒரு கை போயிருச்சு. நான் அப்ப வேலையை விட்டு நின்னுட்டேன். ஆனாலும் வியாழக்கெழமை வியாழக்கெழமை போவேன், சூப்பு ஊட்டுவேன், பழைய பேரெல்லாம் சொல்லுவேன். யாரு இருக்கா, யாரு போயிட்டான்னு. வேற யாரும் வர்றதில்ல. கை புடிச்ச நாலாயிரம் பேர்ல ஒருத்தன் வர்றதில்ல.

அதுல ஒரு வியாழக்கெழமை, நானாத்தான் கேட்டேன். ஏன் கேட்டேன்னு தெரியலை. "அய்யா, அந்த மூடற ஆஸ்பத்திரிங்க லிஸ்டு, அது உங்க மேசைக்கு வந்தப்ப அதுல மொர்வால் இருந்துச்சா?"ன்னேன்.

அவரு தெளிவாச் சொன்னாரு. "இல்லை சவெரி. அதிகாரிகள் மரியாதைக்காக என் ஊரை விட்டுட்டாங்க. நான்தான் என் கையால எழுதினேன். முதல் பேரா எழுதினேன். மத்தவங்க ஊரை மூடிட்டு என் ஊரை வெச்சுக்கிட்டா, எங்க வம்சத்துல யாரும் தலை நிமிந்து நடக்க முடியாது."

அப்ப படிக்கட்டுல நின்னு சொன்னது? அதை நான் கேக்கலை. அவரே சொன்னாரு. "ஜனங்களுக்கு அது புரிஞ்சிருக்காது"ன்னாரு.

பாத்தீங்களா தம்பி? சலுகை எடுத்துக்காத மனுஷன். இந்தக் காலத்துல எந்த மந்திரி அப்படிச் செய்வான்? தன் ஊரு பேரைத் தானே எழுதுவான்? நான் சூப்புக் கரண்டியைக் கையில வெச்சுக்கிட்டு உக்காந்திருந்தேன். ஆறிப் போச்சு. சூடு பண்ணிக் கொண்டு வந்து மிச்சத்தையும் ஊட்டிட்டுத்தான் கெளம்பினேன். அடுத்த வியாழக்கெழமையும் போனேன்.

அற்புதமேரி போன பெறகு நான் காரைக்காலுக்கே வந்துட்டேன். போன வாரம் அரண்மனையில அவரைப் பாத்துக்கிட்ட நர்சம்மாதான் போன்ல சொன்னாங்க அவரு தவறிட்டாருன்னு. குடும்பத்துலேருந்து யாரும் சொல்லலை, அவுங்களுக்கு என் நம்பரு தெரியாதுல்ல.

காலையில பூசை முடிஞ்சு கோயில் வாசல்ல நின்னுக்கிட்டு மதலேனுக்குப் போன் போட்டேன். நம்பரு அற்புதமேரியோட நோட்டுல இருந்தது, அது இன்னும் அவளோடதுதானான்னுகூடத் தெரியாது. அங்க காலையில எட்டு மணி இருக்கும். எடுத்தா. "யாரு?"ன்னா, பிரெஞ்சுல. அப்பாதான்னேன். வைக்கலை. இருபத்தேழு வருஷத்துல மொத தடவை, வைக்கலை. பிரபு தவறிட்டாரும்மான்னேன்.

தமிழ்ல பேசினா தம்பி. அவ தமிழை விட்டு எத்தனையோ வருஷமாச்சு, வார்த்தை வார்த்தையாத் தேடித் தேடிப் பேசினா. "அப்பா. இப்ப அவரு இல்லை. இப்பச் சொன்னா யாருக்கும் ஒண்ணும் இல்லை. அவருதானே மூடினாரு? உங்களுக்குத் தெரியும். ஆமான்னு மட்டும் சொல்லுங்க, போதும்."

ஆமான்னு மட்டும்.

நான் என்ன சொன்னேன்னா, அவரு பெரிய மனுஷரும்மா, எறந்தவங்களைப் பத்தி இப்படிப் பேசக் கூடாது, உம் பொண்ணு அடக்கத்துக்குப் பாரீசுலேருந்து வந்தவரும்மா, பேரு சொல்லிப் பேசினாரேம்மான்னேன். பேசிக்கிட்டே இருக்கேன், அந்தப் பக்கம் சத்தம் இல்ல. லைன் போயிருச்சு. கோயில் செவுரு கனம், அங்க சிக்னல் சரியாக் கெடைக்காதுன்னு ரோட்டுக்கு வந்து, வெயில்ல நின்னு மறுபடி போட்டேன்.

நல்லா அடிச்சுது தம்பி. அடிச்சுக்கிட்டே இருந்துச்சு.